கையாற் கற்கும் கல்வி

நீந்தும் முறையை நூலில் மட்டும் ஓதிவிட்டு ஆற்றில் இறங்கத் துணிவார் இலர். ஆயினும், யந்திரங்களுக்குக் கட்டளை எழுதும் வித்தையை ஏட்டளவிலே கற்று முடித்துவிடலாமென எண்ணுவார் நம்மிற் பலர் உளர். அவ்வெண்ணம் பொருந்தாமையை இரு சிறு சோதனைகளால் ஈண்டு விளக்குவோம்.

மைக்ரோகண்ட்ரோலர் என்பது, கணிக்கும் உறுப்பு, நினைவு, வெளியுலகோடு உறவாடும் முனைகள் ஆகிய மூன்றையும் ஒரே சில்லில் அடக்கிய கருவியாகும். துணி வெளுக்கும் யந்திரம் முதல் மோட்டார் வண்டி ஈறாகப் பலவற்றினுள்ளும் இஃது அமர்ந்து பணிபுரிகின்றது. இதனை மின்னியல் கல்லாதாரும் எளிதிற் பயிலுமாறு, 2005-ஆம் ஆண்டில் இத்தாலி தேசத்து இவ்ரேயா நகரில் 'ஆர்டுயினோ' என்னும் பலகை தோன்றிற்று. அதன் 'யூனோ' வகையிலுள்ள சில்லு நொடிக்கு 1 கோடியே 60 லட்சம் துடிப்புக்களில் இயங்குவது.

முதற் சோதனை, எல்.இ.டி. என்னும் சிறு விளக்கை ஏற்றி அணைத்தல். செந்நிற விளக்கு ஏறக்குறைய 2 வோல்ட்டைக் கொள்ளும். பலகையின் முனையோ 5 வோல்ட் தருவது. எஞ்சிய 3 வோல்ட்டைத் தாங்க 220 ஓம் தடையொன்றை இடையே வைப்பின், 13 அல்லது 14 மில்லியாம்பியர் மின்சாரமே ஓடும். தடையின்றேல், முனை தாங்கக்கூடிய 40 மில்லியாம்பியர் எல்லை கடந்து, விளக்கும் சில்லும் கெடக்கூடும். வகுப்பில் மனப்பாடஞ் செய்த ஓமின் விதி இங்கே காவலாய் நிற்கின்றது.

இரண்டாவது, பொத்தானை அழுத்துந்தோறும் எண்ணிக்கை ஒன்று கூடுமாறு கட்டளை எழுதுதல். எழுதியதில் இலக்கணப் பிழை யாதுமின்று; எனினும் ஒருமுறை அழுத்த, எண்ணிக்கை மூன்றாகவோ நான்காகவோ ஏறுதல் உண்டு. காரணம் யாது? பொத்தானுள்ளிருக்கும் உலோகத் தகடுகள், தரையில் விழுந்த பந்தேபோல், சில மில்லிசெகண்டு தொட்டும் விலகியும் துள்ளிய பின்னரே அடங்குகின்றன. நம் கண்ணுக்குப் புலனாகாத அத்துள்ளல்களை விரைவுமிக்க சில்லு தனித்தனி அழுத்தங்களாகக் கொள்கின்றது. பொத்தானின் நிலை மாறியதும் 20 மில்லிசெகண்டு பொறுத்து மீண்டும் நோக்கி, மாறிய நிலையே நீடிப்பின் மட்டும் அதனை ஏற்குமாறு கட்டளையைத் திருத்தினால் குறை நீங்கும்.

ஏட்டில் வரைந்த பொத்தான் துள்ளுவதில்லை. ஆதலின் ஏட்டை மட்டும் நம்புவோர் இதனை அறிதல் அரிது. மாணவ நண்பர்காள்! ஒரு பலகை, ஒரு விளக்கு, ஒரு தடை, ஒரு பொத்தான், இவை கொண்டு இன்றே தொடங்குக. நோயாளியின் நாளத்தில் மருந்தை அளந்து செலுத்தும் கருவிக்கு நாளை கட்டளை எழுதுவோர் நம்முள் ஒருவராகவும் இருக்கலாம். அன்று, ஒன்றை மூன்றாக எண்ணும் பொத்தான் சிறு குறையாகாது.