காட்சிக்காகவே ஓடும் ரயில்

விடுமுறைக்கு எங்கே போகலாம் என்று முடிவு செய்ய நம்மில் பலர் முதலில் பார்ப்பது குறுங்காணொளிகளைத்தான். இந்தப் பழக்கம் திறன்பேசியோடு வந்ததன்று; 100 ஆண்டுகளுக்கும் மேல் பழையது. திரைப்பட வரலாற்றுப் பாடத்திற்காக நான் அண்மையில் பார்த்த ஊமைப் படங்கள் அதைத்தான் உணர்த்தின.

1896இல் லூமியேர் நிறுவனத்தின் ஒளிப்பதிவாளர் அலெக்சாந்தர் புரோமியோ, வெனிஸ் நகரில் படகு ஒன்றில் கேமராவை வைத்துக் கரையோரக் கட்டடங்களைப் படம்பிடித்தார். அடுத்த சில ஆண்டுகளில் ரயிலின் முகப்புக்கே கேமரா ஏறியது. இயந்திரம் திரையில் தெரியாது. தண்டவாளம் மட்டும் நம்மை நோக்கி ஓடிவரும். அதனால் அவற்றுக்குப் ‘பேய்ப் பயணங்கள்’ என்றே பெயர்.

கேன்சஸ் சிட்டியின் முன்னாள் தீயணைப்புத் தலைவர் ஜார்ஜ் ஹேல், ரயில்பெட்டி வடிவிலேயே அரங்கு அமைத்தார். சீருடை அணிந்தவர் நுழைவுச்சீட்டை வாங்குவார். பெட்டி குலுங்கும், சக்கர ஓசை கேட்கும், எதிரே திரையில் மலைகள் விரியும். கட்டணம் பெரும்பாலும் 10 காசுதான். நெடுந்தூரப் பயணத்துக்கு வசதியில்லாதவர்களுக்கு அதுவே பயணம். வசதி உள்ளவர்களுக்கு அது நல்ல விளம்பரம். ரயில் நிறுவனங்கள் ஒளிப்பதிவாளர்களுக்கு உதவியதில் வியப்பில்லை.

இவற்றுள் என்னை அதிகம் யோசிக்க வைத்தது கொலராடோவின் ‘ஜார்ஜ்டவுன் லூப்’ பற்றிய படம். பில்லி பிட்சர் ஒளிப்பதிவு செய்த அந்தப் படம் 1903இல் பதிவுரிமை பெற்றது. வளைவில் ரயில் திரும்பும்போது பயணிகள் வெள்ளைக் கைக்குட்டைகளை அசைக்கிறார்கள். ‘நீங்களும் வாருங்கள்’ என்று அழைப்பதுபோல் இருக்கிறது.

ஆனால், அந்தப் பாதை அவர்களுக்காக மட்டும் போடப்பட்டதன்று. வெள்ளிச் சுரங்கங்களை நம்பி 1884இல் கட்டி முடிக்கப்பட்டது. செங்குத்தான மலையில் ஏறுவதற்காக, தண்டவாளம் சுற்றி வளைந்து, உயரமான பாலத்தில் தன்னையே கடந்து செல்லும். 1893இல் வெள்ளி விலை சரிந்தது. சுரங்கத் தொழில் நலிந்தது. அந்த வளைவைக் காண வந்த சுற்றுப்பயணிகள் பாதைக்குக் கைகொடுத்தார்கள். படத்தை மட்டும் பார்ப்பவருக்கு இந்தக் கதை தெரியாது.

1939இல் தண்டவாளம் பெயர்த்தெடுக்கப்பட்டது. பின்னர் மீண்டும் அமைக்கப்பட்டு, 1984இல் முழுப் பாதையும் திறக்கப்பட்டது. இம்முறை ஏற்றிச் செல்ல வெள்ளி இல்லை. காட்சிக்காகவே ரயில் ஓடுகிறது.

சுற்றுலா ஓர் ஊரை வாழவைக்கலாம். அதை நான் குறைசொல்லவில்லை. ஆனால், எது பார்க்கத்தக்கது என்பதைக் கேமரா முடிவு செய்யும்போது, அந்த ஊரின் உழைப்பு எளிதில் விடுபட்டுப்போகிறது. அடுத்த முறை ஓர் அழகான பயணக் காணொளியைப் பார்க்கும்போது, அதற்குச் செலவழித்தவர் யார், அங்கு வாழ்வோர் எங்கே என்று தேடிப் பாருங்கள். நான் தேடத் தொடங்கிவிட்டேன்.