தோற்றவனுக்கும் அடுத்த ஞாயிறு

திருகோணமலை நகரிலிருந்து வடக்கே கடலோரமாகப் போனால் உப்புவெளி, சல்லி, சாம்பல்தீவு, நிலாவெளி என்று ஊர்கள் வரிசையாக வரும். இந்தப் பக்கத்தில் உதைபந்தாட்டம் என்றால் பெரும்பாலும் சுற்றுப்போட்டிதான். ஒரு கழகத்தின் ஆண்டு நிறைவு, காலமான வீரர் ஒருவரின் ஞாபகார்த்தக் கிண்ணம், கோயில் திருவிழாவையொட்டிய போட்டி என்று ஏதாவதொரு பெயரில் அறிவித்தல் வரும். பதினாறு அணிகள் பதியும். விலகல் முறை. விடியப்புறமே ஓட்டோவிலும் லான்ட்மாஸ்டரிலும் ஏறிப் போகும் அணி, முதல் ஆட்டத்தைப் பெனால்டியில் விட்டால் மத்தியானச் சாப்பாட்டுக்கு வீட்டில் நிற்கும். அடுத்த அறிவித்தல் எப்போது வரும் என்பது யாருக்கும் தெரியாது.

கணக்கைப் போட்டுப் பார்த்தால் விஷயம் இன்னும் துலங்கும். பதினாறு அணிகளின் விலகல் போட்டியில் மொத்தமே 15 ஆட்டங்கள். எட்டு அணிகள் ஒரே ஆட்டத்தோடு திரும்பிவிடும். இன்னும் நான்கு அணிகள் இரண்டாவதோடு. கிண்ணம் தூக்கும் அணிகூட நான்கு முறைதான் களமிறங்கியிருக்கும். ஏற்கெனவே நன்றாக ஆடுகிறவர்களுக்குக் கூடுதல் ஆட்டமும், ஆடிப் பழக வேண்டியவர்களுக்குக் குறைந்த ஆட்டமும் கிடைப்பது இந்த முறையின் இயல்பு.

இதற்கு எதிர்மாறாக, சுவிற்சர்லாந்தின் கீழ்நிலை லீக் ஒன்றில் பன்னிரண்டு அணிகள் கொண்ட ஒரு குழுவை எடுத்துக்கொள்வோம். ஒவ்வொரு அணியும் மற்றப் பதினொரு அணிகளோடும் சொந்த மைதானத்தில் ஒருமுறை, அவர்கள் மைதானத்தில் ஒருமுறை ஆடும். ஆளுக்கு 22 ஆட்டம், மொத்தம் 132. முதலிடத்துக்கும் 22, கடைசி இடத்துக்கும் 22. இன்று ஆறு கோல் வாங்கியவனுக்கும் அடுத்த ஞாயிறு ஆட்டம் உண்டு. எத்தனை மணிக்கு, எந்த மைதானத்தில், யாரோடு என்பதும் பருவம் தொடங்குமுன்பே அவனுக்குத் தெரியும்.

உதைபந்தாட்டத்துக்கு இந்த ஒழுங்கைக் கொண்டுவந்தவர் வில்லியம் மக்கிறெகர். ஸ்கொட்லாந்தில் பிறந்து பேர்மிங்காமில் துணிக்கடை நடத்தியவர், அஸ்ரன் வில்லா கழகத்தின் நிர்வாகி. அன்றைய இங்கிலாந்தில் கிண்ணப் போட்டிகளும் நட்பு ஆட்டங்களும்தான் நடந்தன. எதிரணிக்கு வேறொரு கிண்ண ஆட்டம் வந்துவிட்டால் அறிவித்த ஆட்டம் நின்றுபோகும். காசு கொடுத்துப் பார்க்க வந்த சனம் திரும்பிப் போகும். இது தொடர்ந்தால் கழகங்கள் நிலைக்காது என்று கண்ட மக்கிறெகர், 1888 மார்ச்சில் சில கழகங்களுக்குக் கடிதம் எழுதினார்: நிச்சயமான திகதிகளில், சொந்த மைதானத்திலும் மற்றவர் மைதானத்திலும் ஆண்டுதோறும் நாம் ஆடுவோம். அதே ஆண்டு செப்டெம்பரில் 12 கழகங்களோடு லீக் தொடங்கியது. பிறஸ்டன் நோர்த் என்ட் 22 ஆட்டங்களில் ஒன்றிலும் தோற்காமல் முதல் சம்பியன் ஆனது. இன்று சல்லியில் ஒரு கழகச் செயலாளர் சொல்லக்கூடிய அதே குறைதான் மக்கிறெகரையும் எழுத வைத்தது.

இந்த லீக் முறை நன்கு வேரூன்றிய சுவிஸ், இலங்கையைவிடச் சிறிய நாடு. சனத்தொகை ஏறக்குறைய 90 இலட்சம். அங்கே சுமார் 1,400 உதைபந்தாட்டக் கழகங்கள் 13 பிராந்திய சங்கங்களின் கீழ் இயங்குகின்றன. 1895இல் தொடங்கிய தேசிய சங்கம் இவை எல்லாவற்றையும் ஒரே ஏணியில் நிறுத்தியிருக்கிறது. உச்சியில் 12 அணிகளின் சுப்பர் லீக். அதற்குக் கீழே 10 அணிகளின் சலஞ்ச் லீக். மூன்றாம் படி 18 அணிகளின் புரமோஷன் லீக். நான்காம் படியில் மூன்று குழுக்களாக 48 அணிகள்; இதற்கு முதலாம் லீகா என்று பெயர். 1931இல் இது தொடங்கியபோது இதற்கு மேலே ஒரு படிதான் இருந்தது. பின்னாளில் வந்த லீக்குகள் இதன் தலைக்கு மேல் கட்டப்பட்டதால் பெயர் அப்படியே நிற்க, இடம் இறங்கிவிட்டது. பிறகு மாகாண எல்லை கடந்து ஆடும் இரண்டாம் லீகா, பிராந்தியத்துக்குள் ஆடும் இரண்டாம் லீகா, மூன்றாம், நான்காம், ஐந்தாம் லீகாக்கள். ஒன்பது படிகள்.

புதிதாகத் தொடங்கும் கழகம் அடிப்படியில் நுழையும். முதலிடம் வந்தால் ஏறும், அடியில் முடித்தால் இறங்கும். பருவத்தின் கடைசி வாரம்வரை அட்டவணையின் இரு முனையிலும் சூடு ஆறாமல் இருப்பது இதனால்தான். சம்பியன் யார் என்பது ஒரு மாதம் முன்பே தெரிந்துவிட்ட லீக்கில்கூட, பத்தாம் இடத்துக்கும் பதினொன்றாம் இடத்துக்கும் நடக்கும் ஆட்டத்தைப் பார்க்க ஊர் திரண்டு வரும். கீழே விழாமல் தப்புவது அவர்களுக்கு ஒரு கிண்ணம் மாதிரி.

இந்தக் கீழ்ப்படிகளிலிருந்துதான் நாட்டின் பெரிய வீரர்கள் வருகிறார்கள். மனுவேல் அக்கஞ்சி சிறுவனாக ஆடியது வீசன்டாங்கன் என்ற ஊர்க் கழகத்தில். ஷெர்டான் ஷாக்கிரி பந்து பழகியது பாசலுக்குப் பக்கத்துச் சிற்றூரான ஔக்ஸ்ட்டின் கழகத்தில். இருவருமே வெளிநாட்டு வேர் உள்ள குடும்பத்துப் பிள்ளைகள். எண்பதுகளிலிருந்து சுவிஸுக்குப் போய்ச் சேர்ந்து, இன்று சுமார் 50 ஆயிரம் பேராகப் பெருகியிருக்கும் ஈழத் தமிழரின் பிள்ளைகளும் இதே ஊர்க் கழகங்களில்தான் காலணி கட்டுகிறார்கள். தமிழ்ச் சங்கங்கள் கோடையில் நடத்தும் ஒருநாள் சுற்றுப்போட்டி பெற்றோர் கொண்டுபோன பழக்கம். சனி ஞாயிறு லீக் ஆட்டம் பிள்ளைகள் அங்கே கற்றுக்கொண்ட பழக்கம்.

பருவம் ஓகஸ்ட் நடுப்பகுதியில் தொடங்கி மறு ஆண்டு யூனில் முடியும். நடுவில் பனி. நவம்பர் கடைசியோடு முற்சுற்று முடிந்துவிடும், பிற்சுற்று மார்ச்சில்தான். அந்த மூன்று மாதமும் புல்லின்மேல் யாரும் கால் வைப்பதில்லை. மைதானம் பெரும்பாலும் ஊராட்சிக்குச் சொந்தம். ஊராட்சி வைத்திருக்கும் மைதானக் காப்பாளர் மழைக்குப் பிறகு நிலத்தை மிதித்துப் பார்த்து இன்று ஆட்டம் இல்லை என்று சொல்லிவிட்டால் கழகத் தலைவர்கூட மறுக்க முடியாது. சேற்றில் ஆடிய ஓர் ஆட்டம் புல்லைக் குலைத்தால் அதன் விலையை அடுத்த பத்து ஆட்டங்கள் கொடுக்கும். இந்த ஆளுக்கு இருக்கும் மதிப்பு நம் மைதானங்களுக்கும் வரவேண்டிய ஒன்று.

வெற்றிக்கு மூன்று புள்ளி, சமநிலைக்கு ஒன்று. வெற்றிக்கு இரண்டு என்றிருந்த காலத்தில் பல அணிகள் சமநிலைக்கே ஆடின. இங்கிலாந்து 1981இல் மூன்றாக்கியது, 1994 உலகக் கிண்ணம் அதை எங்கும் பரப்பியது. ஆனால் புள்ளி சமமாகிவிட்டால்? பொதுவாகக் கோல் வித்தியாசம் பார்ப்பார்கள். சுவிஸின் அமெச்சூர் லீகாக்கள் அதற்கு முன் வேறொன்றைப் பார்க்கின்றன. ஒவ்வொரு மஞ்சள் அட்டைக்கும் சிவப்பு அட்டைக்கும் அணியின் கணக்கில் தண்டப் புள்ளி ஏறும். அது அட்டவணையிலேயே அடைப்புக்குறிக்குள் வாராவாரம் அச்சாகும். இரு அணிகள் சமமாக நின்றால் தண்டப் புள்ளி குறைந்த அணி மேலே. முதல் மாதத்தில் மத்தியஸ்தரோடு வாய் காட்டி வாங்கிய ஒரு மஞ்சள் அட்டை, யூனில் ஒரு கழகத்தின் பதவி உயர்வைத் தடுத்துவிடக்கூடும். கோல் வித்தியாசத்தை உயர்த்த வலுவற்ற அணியை அடித்து நொறுக்கலாம். தண்டப் புள்ளியைக் குறைவாக வைத்திருக்க ஒழுங்காக ஆடுவதைத் தவிர வேறு வழியில்லை. கீழ்நிலை லீக் எதுவும் துணிந்து எடுத்துக்கொள்ளக்கூடிய விதி இது.

மத்தியஸ்தர்களுக்கும் அங்கே ஒரு கணக்கு உண்டு. எத்தனை அணிகளைக் களமிறக்குகிறதோ அதற்கேற்ற எண்ணிக்கையில் ஒவ்வொரு கழகமும் பயிற்சி பெற்ற மத்தியஸ்தர்களைத் தரவேண்டும். தராவிட்டால் தண்டம். தன் கழகத்திலிருந்தும் ஓர் இளைஞன் பக்கத்து ஊரில் விசில் ஊதிக்கொண்டிருக்கிறான் என்பது தெரிந்தால், நம் மைதானத்தில் நிற்கும் மத்தியஸ்தர்மேல் கை ஓங்கும் துணிச்சல் குறையும். சிறுவர் பயிற்சிக்கு அரசின் பணம் வருகிறது: 1972இல் தொடங்கிய இளையோர் விளையாட்டுத் திட்டத்தின் கீழ், முறையான வகுப்பு முடித்த பயிற்றுநர் நடத்தும் பயிற்சிக்குக் கழகத்துக்கு உதவித்தொகை கிடைக்கும். மீதியைக் கழக வீட்டில் விற்கும் சொசேஜும் கோப்பியும் ஈட்டுகின்றன. கீழ்ப்படிகளில் ஆடுகிறவர்கள் வங்கியிலும் கட்டட வேலையிலும் உணவகத்திலும் உழைப்பவர்கள்.

பீல் நகரத்துக் கழகத்தின் கதை இந்த ஏணியை நன்றாகக் காட்டும். கடிகாரத் தொழிலுக்குப் பேர்போன ஊர் அது. ஜேர்மனும் பிரெஞ்சும் புழங்கும் இருமொழி நகரம். 1896இல் பிறந்த கழகம் 1947இல் நாட்டின் சம்பியன். 2016இல் கடனில் மூழ்கி முறிந்தது. கழகத்தைக் கலைத்துவிட வேண்டியதில்லை. கீழே ஒரு படி எப்போதும் இருக்கிறது. பீல் பிராந்திய இரண்டாம் லீகாவில், ஊர்க் கழகங்களோடு, மறுபடி தொடங்கியது. ஒவ்வொரு படியாக ஏறி மூன்றாம் படிக்கு வந்தது.

பிறகு 2024-25 பருவம். சுவிஸ் கிண்ணத்தில் 64 அணிகள். கீழ்ப்படி அணிக்கே சொந்த மைதானத்தில் ஆடும் உரிமை. பீல் ஒவ்வொரு சுற்றாகக் கடந்து, அரையிறுதியில் பேர்ணின் யங் போய்ஸை 1-0 என்று வீழ்த்தியது. மூன்றாம் படியிலிருந்து ஓர் அணி இறுதிக்கு வந்தது கிண்ண வரலாற்றில் அதுவே முதல்முறை. 2025 யூன் 1ஆம் திகதி பேர்ண் வாங்டோர்வ் அரங்கில் பாசலிடம் 4-1 என்று தோற்றார்கள்.

அந்தப் பருவத்தில் புரமோஷன் லீக்கில் முதலிடம் பெற்று மேலே போனது பீல் அல்ல, ரப்பர்ஸ்வில்-யோனா. கிண்ணத்துக்கு ஆறு நல்ல நாட்கள் போதும். லீக்குக்கு 34 ஆட்டங்களும் வேண்டும்: காயம்பட்டவன் இடத்தில் இறங்கும் பதினாறாவது ஆள், வேலை முடிந்து களைத்து வந்த வெள்ளிக்கிழமைப் பயிற்சி, மழையில் 0-0 என்று முடித்த ஓர் ஆட்டம், எல்லாம் சேர்ந்துதான் அட்டவணை.

இலங்கையில் லீக் இல்லாமல் இல்லை. மாவட்ட லீக்குகள் உண்டு, திருகோணமலைக்கும் உண்டு. தேசிய அளவில் 2021இல் பத்துக் கழகங்களோடு சுப்பர் லீக் தொடங்கியது. 2018இல் வடக்கு கிழக்கு அணிகளைத் திரட்டி நடந்த என்இபிஎல் தொடரில் ட்ரிங்கோ டைட்டன்ஸ் என்ற பெயரில் திருகோணமலைக்கும் ஓர் அணி இருந்தது. 2023 ஜனவரியில் பீஃபா இலங்கைச் சம்மேளனத்தை இடைநிறுத்தி, ஓகஸ்டில்தான் தடையை நீக்கியது. மேல்மட்டம் இப்படி ஆட்டங்காணும்போதும் அடிப்படி உறுதியாக நின்றால் ஊர்ப் பிள்ளையின் ஞாயிற்றுக்கிழமை கெடாது. அடிப்படிக்குக் கொழும்பின் அனுமதியைவிட ஒரு தாளும் பேனாவும்தான் முதலில் தேவை.

நிலாவெளி வீதியோரத்து ஆறு ஊர்களை வைத்துப் போட்டுப் பார்க்கலாம். தாளில் மேல் வரிசையில் சல்லி, உப்புவெளி, சாம்பல்தீவு என்று எழுதவேண்டும். கீழ் வரிசையில் அவற்றுக்கு நேரே கும்புறுப்பிட்டி, இறக்கண்டி, நிலாவெளி. மேலும் கீழும் நேருக்கு நேர் இருப்பவை முதல் வார ஆட்டங்கள்: சல்லி–கும்புறுப்பிட்டி, உப்புவெளி–இறக்கண்டி, சாம்பல்தீவு–நிலாவெளி. அடுத்த வாரத்துக்குச் சல்லியை அசைக்காமல் மற்ற ஐந்தையும் கடிகாரம் சுற்றும் திசையில் ஓரிடம் நகர்த்தவேண்டும். இப்போது சல்லி–இறக்கண்டி, கும்புறுப்பிட்டி–நிலாவெளி, உப்புவெளி–சாம்பல்தீவு. இப்படி ஐந்து வாரம் நகர்த்தினால் ஒவ்வோர் ஊரும் மற்ற ஐந்தையும் ஒருமுறை சந்தித்திருக்கும், ஒன்றும் இரட்டிக்காது. மைதானத்தை மாற்றி இன்னொரு ஐந்து வாரம். மொத்தம் 30 ஆட்டம், ஊருக்குப் பத்து. ஏழாவதாக ஓர் ஊர் சேர்ந்தால் எட்டாம் இடத்தில் ஓய்வு என்று எழுதினால் போதும். அதற்கு நேரே வருபவர்களுக்கு அந்த வாரம் ஆட்டம் இல்லை. உலகத்துப் பெரிய லீக்குகளின் அட்டவணைக்கும் அடிப்படை இந்தச் சுழற்சிதான்.

திகதி வைப்பதில்தான் ஊர் அறிவு வேண்டும். சுவிஸில் பனி செய்வதைக் கிழக்குக் கரையில் வாடைக்காற்று மழை செய்கிறது. ஒக்டோபரில் தொடங்கும் மழை ஜனவரிவரை மைதானங்களைக் குளமாக்கும். அதனால் சித்திரை வருடப்பிறப்பு கழிந்து தொடங்கி, செப்டெம்பருக்குள் முடிக்கவேண்டும். அந்த மாதங்களில் கடல் அமைதி, மீன்பிடித் தொழிலும் அப்போதுதான் மும்முரம். கரைவலை இழுப்பவன் காலையில் ஆடமுடியாது. பின்னேரம் நாலரைக்குப் பந்து உருண்டால் அவனும் வருவான், வெயிலும் தாழ்ந்திருக்கும். சல்லி முத்துமாரியம்மன் பொங்கலுக்கும் பெருநாளுக்கும் வாரங்களை முன்பே விட்டுவைக்கவேண்டும். பத்து வார ஆட்டத்தை இருபது வாரத்துக்குள் வைப்பது சிரமமில்லை. ஒத்திப்போன ஆட்டத்துக்கும் இடம் மிஞ்சும்.

மைதானம் கிடைக்கும், பந்து கிடைக்கும். திண்டாட்டம் மத்தியஸ்தருக்குத்தான். வாரத்துக்கு மூன்று ஆட்டம், ஆட்டத்துக்கு மூன்று பேர் என்றால் ஒன்பது பேர் வேண்டும். ஆறு கழகங்களும் இரண்டிரண்டு பேரை மாவட்ட லீக்கின் மத்தியஸ்தர் பயிற்சிக்கு அனுப்பினால் பன்னிரண்டு பேர். சொந்த ஊர் ஆட்டத்துக்கு யாரையும் போடாமல் மாற்றி மாற்றி அனுப்பலாம். மிஞ்சும் மூவரில் ஒருவர் ஞாயிறு இரவே புள்ளி அட்டவணையை எழுதி, தண்டப் புள்ளியை அடைப்புக்குறிக்குள் சேர்த்து, ஆறு ஊர்களுக்கும் அனுப்பவேண்டும்.