பரிசு அட்டையைக் கொண்டு உணவு பெறுவது எப்படி?

கிராமத்துக்கும் நகரத்துக்கும் இடையே இருந்த தூரம் நாளுக்கு நாள் குறைந்து வருகிறது. முன்பு வெளியூரில் உத்தியோகம் பார்க்கும் பிள்ளைகள் பெற்றோருக்கு மணியார்டர் அனுப்புவார்கள். இன்று அவர்கள் தீபாவளிக்கோ பிறந்த நாளுக்கோ அனுப்பும் வெகுமதி, சில வேளைகளில் 'பரிசு அட்டை' என்னும் உருவில் கைபேசிக்கே வந்து சேருகிறது. அந்த அட்டையைக் கொண்டு கைபேசி வழியாகவே கடையிலிருந்து உணவை வீட்டுக்கு வரவழைக்கவும் முடிகிறது.

தென்காசி வட்டாரத்தில் உள்ள நமக்கு இவ்விஷயம் இரு வகையில் சம்பந்தமுடையது. ஆனி முதல் ஆவணி வரை குற்றாலத்தில் சாரல் பொழியும் காலத்தில் வெளியூர் மக்கள் ஏராளமாக வந்து தங்குகின்றனர். அவர்களில் பலர் இவ்வகை அட்டைகளை வைத்திருப்பவர்கள். மற்றொரு புறம், நம் கிராமங்களில் உள்ள குடும்பங்களுக்கும் இவை வந்து சேருகின்றன. ஆகையால் இதன் தன்மையையும் உபயோகத்தையும், முக்கியமாக இதில் உள்ள அபாயத்தையும் பஞ்சாயத்து அங்கத்தினர்களும் விவசாயிகளும் தெரிந்துகொள்வது அவசியமாகும்.

பரிசு அட்டை என்பது என்ன?

மளிகைக் கடையில் பற்று வைத்துச் சாமான் வாங்குவது நாம் அனைவரும் அறிந்த வழக்கம். சாமான் முதலில், பணம் அறுவடைக்குப் பின். பரிசு அட்டை இதற்கு நேர் எதிரானது. பணம் முதலில் செலுத்தப்பட்டுவிடுகிறது; பொருளைப் பின்னால் பெற்றுக்கொள்கிறோம். பற்றுக் கணக்கில் கடைக்காரர் நம்மை நம்புகிறார். பரிசு அட்டையில் நாம் கடைக்காரரை நம்புகிறோம். ஆகவே, யாரை நம்புகிறோம், எத்தனை நாளைக்கு நம்புகிறோம் என்பதை ஆராய வேண்டிய பொறுப்பு நம்முடையது.

அட்டை என்று சொன்னாலும் அது கையில் பிடிக்கும் அட்டையாகவே இருக்க வேண்டும் என்பதில்லை. கைபேசிக்கு வரும் ஓர் எண்ணும், அதனுடன் வரும் ரகசிய எண்ணுமே சில சமயம் அட்டையாகும்.

இரண்டு வகைகள்

முதல் வகை, ஒரு நிறுவனம் தானே வெளியிட்டுத் தன்னிடம் மட்டுமே ஏற்றுக்கொள்ளும் அட்டை. உணவை வீட்டுக்குக் கொண்டுவந்து தரும் சுவிக்கி, சொமாட்டோ போன்ற நிறுவனங்களின் பெயரில் வரும் பரிசு அட்டைகளை இவ்வகைக்கு உதாரணமாகக் கூறலாம். ஒன்றின் அட்டை மற்றொன்றில் செல்லாது. தன் பொருளுக்கு மட்டுமே தானே வெளியிடும் இவ்வகை அட்டைகள் ரிசர்வ் பாங்கின் நேரடிக் கட்டுப்பாட்டில் வருவதில்லை. எனவே இவற்றுக்குரிய கெடுவும் நிபந்தனைகளும் அந்தந்த நிறுவனம் விதிப்பவையே.

இரண்டாம் வகை, பாங்குகளோ ரிசர்வ் பாங்கின் அனுமதி பெற்ற நிறுவனங்களோ வெளியிடுவது. இது பல கடைகளில் செல்லும். 2021-ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் ரிசர்வ் பாங்கு வெளியிட்ட விதிகளின்படி, இவ்வகைப் பரிசு அட்டை ஒன்றின் மதிப்பு 10,000 ரூபாய்க்கு மேற்படலாகாது. அதில் மீண்டும் பணம் ஏற்ற இயலாது. அதிலிருந்து ரொக்கம் எடுக்கவும், பிறர் கணக்குக்குப் பணம் மாற்றவும் முடியாது. குறைந்தது ஓராண்டு காலம் அது செல்லுபடியாக வேண்டும். கெடு முடிவதற்கு முந்திய 45 நாட்களுக்குள் வெளியிட்டவர் நமக்கு நினைவூட்ட வேண்டும்.

உபயோகிக்கும் முறை

முதலில், நம் ஊர் அந்நிறுவனம் உணவு கொண்டுவந்து தரும் எல்லைக்குள் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். தென்காசி நகரில் உள்ளவருக்குக் கிடைக்கும் சௌகரியம், மலையடிவாரத்துக் கிராமத்தில் உள்ளவருக்குக் கிடைக்கும் என்று சொல்வதற்கில்லை. இதை அறியாமல் அட்டை வாங்கினால், கெடு முடியும் வரை அது பெட்டியில் கிடக்கும். ஆகவே வெளியூரில் உள்ள பிள்ளைகளுக்கு இதை முன்னதாகவே தெரிவித்துவிடுதல் நலம்.

அடுத்து, முதல் வகை அட்டையானால், அந்நிறுவனத்தின் செயலியில் நம் கணக்கைத் திறந்து, பரிசு அட்டைக்கு உரிய இடத்தில் எண்ணையும் ரகசிய எண்ணையும் பதிய வேண்டும். தொகை நம் கணக்கில் வரவாகும். பிறகு உணவைத் தேர்ந்தெடுத்துப் பணம் செலுத்தும் கட்டத்தில் அதனைக் கழித்துக்கொள்ளலாம். இரண்டாம் வகையானால், பாங்கு அட்டையைப் போலவே அட்டை எண், கெடு முடியும் மாதம், மூன்று இலக்க எண் ஆகியவற்றைக் கொடுக்க வேண்டும். சில அட்டைகளுக்குப் பதிவான கைபேசிக்கு ஒருமுறை ரகசிய எண் வரும்; அட்டையை வாங்கிய மகனின் கைபேசி பதிவாகியிருந்தால் அது மகனுக்கே போய்ச் சேரும். சில அட்டைகளுக்கு அதுவும் கேட்கப்படுவதில்லை. எண்ணை அறிந்தவர் எவரும் பணத்தைச் செலவழித்துவிட முடியும்.

கணக்கிலும் கவனம் தேவை. உதாரணமாக, நம்மிடம் 500 ரூபாய் அட்டை உள்ளதாகக் கொள்வோம். உணவின் விலை 420 ரூபாய். அதற்கு 5 சதவிகித வரி 21 ரூபாய். கொண்டுவந்து தரும் கூலியும் பிற கட்டணங்களும் 40 ரூபாய். மொத்தம் 481 ரூபாய். மீதி 19 ரூபாய். இந்த மீதியுடன் வேறு வழியில் பணம் சேர்த்துச் செலுத்தச் சில நிறுவனங்கள் இடங்கொடுக்கும், சில கொடுக்கமாட்டா. அட்டையின் தொகைக்குச் சற்றுக் குறைவாக அல்லாமல், சரியாகவே பொருந்துமாறு ஆர்டர் செய்வது மீதி வீணாகாமலிருக்க வழியாகும்.

தொகை தீர்ந்தவுடன் அட்டையை எறிந்துவிடக் கூடாது. ஆர்டர் ரத்தானால், அட்டையிலிருந்து கழிந்த பணம் அதே அட்டைக்குத்தான் திரும்பி வரும்.

ஏமாற்றுக்காரர்களிடம் ஜாக்கிரதை

பரிசு அட்டையின் எண்ணை அனுப்பிவிட்டால் பணத்தையே அனுப்பியதாக ஆகிறது. அதன்பின் அப்பணம் யார் கைக்குப் போயிற்று என்று கண்டுபிடிப்பதும் கடினம். இக்காரணத்தால் உலகெங்கும் மோசக்காரர்கள் இதை விரும்பிக் கேட்கின்றனர். பரிசு அட்டை அன்பளிப்புக்கு மட்டுமே உரியது, அதைக் கட்டணமாகக் கேட்பவன் ஏமாற்றுக்காரனே என்று அமெரிக்க நாட்டின் மத்திய வர்த்தக ஆணையம் தன் மக்களுக்கு இடைவிடாமல் எடுத்துரைத்து வருகிறது.

இது கடல் கடந்த செய்தி மட்டுமன்று. 2022-ஆம் ஆண்டில் தமிழகக் காவல்துறையின் தலைமை அதிகாரியுடைய படத்தையே வைத்து, பரிசு அட்டைகள் வாங்கி அனுப்புமாறு அதிகாரிகளுக்கு வாட்ஸ்அப் செய்திகள் அனுப்பப்பட்டன. காவல்துறை இதுபற்றி அனைவரையும் எச்சரித்தது. காவல்துறை அதிகாரிகளுக்கே இவ்வாறு செய்தி வருமானால், பஞ்சாயத்துத் தலைவர் ஒருவருக்கு மாவட்ட ஆட்சித் தலைவரின் படத்துடனோ வட்டார அலுவலரின் பெயருடனோ செய்தி வருவதற்கு அதிக நேரமாகாது. மேலதிகாரி கேட்கிறாரே என்னும் மரியாதையையும், உடனே வேண்டும் என்னும் அவசரத்தையுமே மோசக்காரன் மூலதனமாகக் கொள்கிறான். எந்த அரசாங்க அலுவலகமும் வரியையோ கட்டணத்தையோ பரிசு அட்டையாகக் கேட்பதில்லை. அத்தகைய செய்தி வந்தால், பதில் எழுதாமல், தாம் முன்பே அறிந்த எண்ணில் அந்த அலுவலகத்தையே கூப்பிட்டுக் கேட்க வேண்டும்.

"உங்களுக்குப் பரிசு அட்டை விழுந்திருக்கிறது, வரியாகச் சிறு தொகை கட்டுங்கள்" என்பது மற்றொரு தந்திரம். உணவு வரத் தாமதமாகும்போது இணையத்தில் தேடி எடுத்த போலி உதவி எண்ணைக் கூப்பிட்டு ஏமாறுவோரும் உண்டு. உதவி எண்ணை நிறுவனத்தின் செயலியிலிருந்தே எடுக்க வேண்டும். பணம் பெறுவதற்கு எவரும் தம் ரகசிய எண்ணைக் கொடுக்க வேண்டியதில்லை.

நஷ்டம் நேர்ந்தால் அன்றே 1930 என்னும் சைபர் குற்ற உதவி எண்ணுக்குத் தெரிவிக்க வேண்டும். அட்டையை வெளியிட்டவருக்கும் அறிவிக்க வேண்டும். நம் தவறும் வெளியிட்டவரின் தவறும் இன்றி மூன்றாம் ஆள் பணத்தை எடுத்திருந்தால், தகவல் கிடைத்து மூன்று நாட்களுக்குள் தெரிவிப்பவருக்கு நஷ்டம் இல்லை என்று மேற்கூறிய ரிசர்வ் பாங்கு விதிகள் கூறுகின்றன. ரகசிய எண்ணை நாமே பிறருக்குச் சொல்லியிருந்தால், தெரிவிக்கும் நேரம் வரையிலான நஷ்டம் நம்முடையதே. உணவைப் பற்றியும் சேவையைப் பற்றியும் முறையிட 1915 என்னும் நுகர்வோர் உதவி எண் உண்டு.

உணவுக் கடை நடத்துவோருக்கு

அருவிக்குச் செல்லும் வழியில் சிற்றுண்டிக் கடை நடத்தும் மகளிர் சுய உதவிக் குழுக்களும் இம்முறையால் பயன் பெறலாம். அதற்கு, 2006-ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி பதிவு பெற்றிருக்க வேண்டும். வாடிக்கைக்காரர் பரிசு அட்டையால் பணம் செலுத்தினாலும் கடைக்குச் சேர வேண்டிய தொகையை உணவு நிறுவனமே கணக்கிட்டுக் கொடுக்கிறது. ஆனால் தன் கமிஷனைக் கழித்துக்கொண்டே கொடுக்கும். அந்த விகிதத்தையும் பணம் வந்து சேரும் நாளையும் ஒப்பந்தத்தில் படித்தறிந்து, விலையை அதற்கேற்ப நிர்ணயிக்க வேண்டும். சாரல் காலத்தில் வியாபாரம் பெருகியும் கையில் லாபம் நில்லாமற்போவதற்கு இக்கணக்கைப் பாராமையும் ஒரு காரணமாகலாம்.

பஞ்சாயத்தின் கடமை

அட்டை எங்கே செல்லும், எந்நாள் வரை செல்லும், அதன் எண் யாருக்குத் தெரியும் என்னும் மூன்று கேள்விகளை ஒவ்வொரு குடும்பமும் கேட்டுக்கொள்ளப் பழகினால், பரிசு அட்டையால் சௌகரியமே உண்டாகும். ஜனவரி 26, மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2 ஆகிய நாட்களில் கூடும் கிராம சபையில், அங்கத்தினர்கள் பத்து நிமிஷம் ஒதுக்கி இம்மூன்று கேள்விகளையும் 1930 என்னும் எண்ணையும் மக்களுக்கு எடுத்துச் சொல்லுதல் வேண்டும். பஞ்சாயத்து அலுவலகச் சுவரில் அந்த எண்ணைப் பெரிதாக எழுதி வைப்பதற்குச் செலவு அதிகமில்லை. வயலில் பாடுபட்டுச் சேர்த்த பணமும் பிள்ளைகள் அன்புடன் அனுப்பிய பணமும் அந்நியன் கைக்குப் போகாமல் காப்பதற்கு அது பெரிதும் உதவும்.