வான்கோழி கிரேவி

வான்கோழி கிரேவி என்பது வான்கோழியைச் சுடும்போது வடியும் சாற்றையும் கொழுப்பையும் கொண்டு ஆக்கப்படும் கெட்டியான குழம்பு ஆகும். 1856 இல் தென்னிந்தியாவின் முதல் தொடருந்து நிலையம் திறக்கப்பட்ட இராயபுரத்தில் ஆங்கிலோ இந்தியர் பலர் வாழ்ந்தனர். அச்சமூகத்தினரின் கிறித்துமசு விருந்தில் சுட்ட வான்கோழியோ கோழியோ இடம்பெறுவதுண்டு.

செய்முறை

இரண்டு மேசைக்கரண்டி கொழுப்பில் அதே அளவு மைதாவைப் பொன்னிறமாக வறுத்து, வடிந்த சாறும் கழுத்தெலும்பு வேகவைத்த நீரும் கலந்து ஒரு குவளை அளவு சிறிது சிறிதாக ஊற்றிக் கிளற வேண்டும். கொழுப்பு மாவுத் துகள்களைப் பிரித்து வைப்பதால் கட்டி தட்டாது. மாப்பொருள் சூட்டில் நீரை உறிஞ்சி உப்புவதால் குழம்பு கெட்டியாகிறது.

பாதுகாப்பு

குளோசிட்ரிடியம் பெர்ஃபிரின்செசு என்னும் பாக்டீரியாவின் வித்துகள் கொதியையும் தாங்கி, வெதுவெதுப்பான குழம்பில் விரைந்து பெருகி வயிற்றுப்போக்கை உண்டாக்கக்கூடியவை. எனவே எஞ்சியதை 2 மணி நேரத்திற்குள் குளிர்பதனப் பெட்டியில் வைத்து, மீண்டும் கொதிக்கவைத்தே பரிமாற வேண்டும்.