உழைப்பைப் படம்பிடித்த ஜெர்மானியர்

பேச்சிப்பாறையில் ரப்பர்ப் பால் வெட்டும் நம் சகோதரர்களுக்குப் பொழுது விடிவது, தலையில் கட்டிய விளக்கின் ஒளியில்தான். வெயில் ஏறினால் பால் ஒழுகுவது குறைந்துவிடும். ஆகவே இருளிலேயே மரத்துக்கு மரம் சென்று பட்டையைச் சீவிச் சிரட்டையை வைத்து நகர்கின்றனர். பின்னர்ப் பாலைச் சேகரித்து, ஆசிட் கலந்து உறையவிட்டு, ரோலரில் அழுத்தி, ஷீட்டுகளைப் புகையில் உலர்த்த வேண்டும். பங்குக்கு வந்து பல மாதங்கள் சென்ற பின்னரே நாம் இதனை நேரில் கண்டோம் என்பதை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறோம்.

இத்தகைய உழைப்பைக் காண்பதையே தம் தொழிலாகக் கொண்டிருந்தார் ஒருவர். பால் ஜில்ஸ் என்னும் ஜெர்மானியர், இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் இந்தியாவில் காவலில் வைக்கப்பட்டிருந்தவர். போர் முடிந்ததும் ஊர் திரும்பாமல் பம்பாயில் தங்கி, ஃபாலி பிலிமோரியா முதலியோருடன் சேர்ந்து செய்திப்படங்களை உருவாக்கினார். மலபாரின் வீரக் கலைகளையும் பழங்குடியினர் வாழ்வையும் படமாக்கினார். 1959இல் தாயகம் திரும்பினார். அக்காலத்தில் பர்மா ஷெல் எண்ணெய்க் கம்பெனியின் ஆதரவில் தொழில்களையும் கிராமங்களையும் பற்றிப் பல படங்கள் வெளிவந்தன. அவற்றுள் ஒன்று, பிலிமோரியா இயக்கிய திருவிதாங்கூர்க் கிராமம் ஒன்றைப் பற்றியது. 1956 நவம்பர் 1 வரை நம் பகுதியும் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தைச் சேர்ந்ததன்றோ!

ஆயினும் ஒரு குறையைச் சொல்லாமல் இருக்க இயலவில்லை. இவ்வகைப் படங்கள் பலவற்றில் தொழிலாளியின் கை தெரியும், குரல் கேட்பதில்லை. வேறொருவர் பின்னின்று விளக்கம் சொல்வார். பணம் தந்தது கம்பெனி அல்லது அரசாங்கம். கூலியைப் பற்றிய பேச்சு எங்ஙனம் எழும்? திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர் மே 1ஆம் நாளைத் தொழிலாளரான புனித சூசையப்பர் திருநாளாக ஏற்படுத்தியதும் அதே காலத்தில், 1955இல்தான். நற்செய்தியில் சூசையப்பர் பேசியதாக ஒரு சொல்கூட இல்லை என்பது இங்கே நம் நினைவுக்கு வருகிறது.

பேச்சிப்பாறை அணை 1906இல் கட்டி முடிக்கப்பட்டது. பொறியாளர் மிஞ்சின் துரையின் கல்லறை அருகிலேயே உள்ளது. கல்லும் மண்ணும் சுமந்தவர் யார் யாரென்று நம்மால் சொல்ல இயலுமா? இன்று பங்கின் இளைஞர் ஒவ்வொருவர் கையிலும் படம்பிடிக்கும் கைபேசி இருக்கிறது. சொந்தத் தகப்பனார் பால் வெட்டுவதைப் படம் பிடித்தவர் எத்தனை பேர்?

இவ்வாறு கேட்டதன் பயனாக, இளைஞர் சிலர் சென்ற மாதம் ஒரு தாயாரின் வேலையைப் படமெடுக்கச் சென்றனர். நாமும் உடன் சென்றோம். அவரோ, "இந்த வேலச் சேலையோடயா? கொஞ்சம் பொறுங்க சாமி, நல்ல சேல உடுத்திட்டு வாறேன்" என்றார். வேண்டாமென்று எவ்வளவோ சொன்னோம், கேட்கவில்லை.