பேரேட்டிலிருந்து திரைக்கு

வாடிக்கையாளர் இன்னார், சென்ற தடவை அவர் வாங்கியது இன்னது, அவருக்கிருந்த மனக்குறை இன்னதென்று ஞாபகத்திலும் கைக்குறிப்பிலுமாகப் பல வருஷங்கள் காத்துவந்த விற்பனைக் குமாஸ்தா ஒருவர், அவ்வளவையும் இனிக் கணினித் திரையில் பதிய வேண்டுமென்று உத்தரவு வந்த தினத்தில் அடையும் கலக்கம் சாமானியமானதன்று.

வாடிக்கையாளர் உறவு மேலாண்மை மென்பொருள் எனப்படும் இச்சாதனம், 1999-ல் அமெரிக்காவில் பிறந்த சேல்ஸ்ஃபோர்ஸ் அதை இணையத்தின் வழியே சந்தாவுக்கு அளிக்கத் தொடங்கிய பின், சிறு வியாபாரிகளின் கைக்கும் எட்டலாயிற்று; சென்னையில் வேரூன்றிய ஸோஹோவும் 2005-ல் இத்துறையில் பிரவேசித்தது. சேல்ஸ்ஃபோர்ஸ் 2014-ல் ஆரம்பித்த டிரெயில்ஹெட் என்னும் பாடசாலையில் எவரும் கட்டணமின்றிப் பயிலலாம். சிறுசிறு பாடங்களும் அவற்றின் முடிவில் கேள்விகளும் அங்கே உண்டு. ஆயினும், மென்பொருளிலேயே செய்து பார்க்க அளிக்கப்படும் பயிற்சித் தளந்தான் என் அபிப்பிராயத்தில் பிரதானம்.

பொத்தானை அழுத்த ஒரு நாளில் கற்றுவிடலாம். ஆனால் ஒரே மனிதர் ‘சண்முகம்’ என்றும் ‘ஷண்முகம்’ என்றும் இரண்டு தொலைபேசி எண்களோடு இரு பதிவுகளாய் நிற்கையில், இருவரும் ஒருவரே என்று கண்டு, பழைய புகாரும் புதிய விசாரணையும் ஒரே பக்கத்தில் சேரும்படி இணைப்பதற்கு வேண்டிய விவேகம், அந்தப் பழைய குமாஸ்தாவிடம் ஏற்கெனவே இருக்கிறது. அவரை விலக்கிப் புதியவரை நியமிக்கும் நிர்வாகம் அந்த அனுபவத்தையும் சேர்த்தே வாசலுக்கு அனுப்பிவிடுகிறது. வேலை நேரத்தில் அவகாசம் தராமல், வீட்டில் போய்ப் படியுங்கள் என்பதும் அநியாயமே. பழைய நோட்டுப் புத்தகத்தைப் பக்கத்தில் விரித்து வைத்துக்கொண்டு, முதல் வாரத்தில் தமக்கு நன்கு தெரிந்த பத்துப் பேரை மட்டும் அவர் பதிந்து பழகட்டும்.