லாரி ஏறிப் போன கதாநாயகி

ஓசூரில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் நின்றால், ஜூஜூவாடி எல்லையைத் தாண்டும் லாரிகளின் விளக்கு வரிசை ராத்திரி முழுக்கத் தெரியும். அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஒருத்தியின் ஞாபகம் வந்துவிடுகிறது. நடித்த ஒரே படத்துக்காக உயிருக்குப் பயந்து ஊரை விட்டு ஓடிய பெண்!

பி.கே. ரோஸி என்று பெயர். மலையாளத்தின் முதல் கதாநாயகி.

சினிமா பிறந்த புதிதில் பெண்கள் நடிக்க வரமாட்டார்கள். ஜப்பானிலும் ஆண்களே பெண் வேஷம் கட்டினார்கள். இங்கே 1913ல் பால்கே எடுத்த 'ராஜா ஹரிச்சந்திரா'வில் தாராமதியாக வந்தவர், ஓட்டலில் வேலை பார்த்த சாளுங்கே என்ற ஆண்பிள்ளைதான்!

1920களின் கடைசியில் ஜே.சி. டேனியல் திருவனந்தபுரத்தில் 'விகதகுமாரன்' என்ற ஊமைப்படம் எடுத்தார். கதாநாயகி சரோஜினி, நாயர் குலப் பெண். அந்த வேஷத்துக்கு வந்த ரோஸியோ, புலையர் சமூகத்தில் பிறந்த ஏழைப் பெண். புல் அறுத்துப் பிழைத்தவள். காக்கரிசி நாடகத்தில் ஆடிப் பாடிப் பழகியவள். வீட்டிலிருந்து சோறு கட்டிக்கொண்டு படப்பிடிப்புக்குப் போவாளாம்.

கேபிடல் தியேட்டரில் படம் திரையிட்ட அன்று வந்தது வினை. 'தாழ்ந்த ஜாதிக்காரி நாயர் பெண்ணாக நடிப்பதா?' என்று கொதித்தார்கள். கதாநாயகன் அவள் தலையிலிருந்த பூவை எடுக்கும் காட்சியில் கல் பறந்தது, திரை கிழிந்தது. தான் நடித்த படத்தைப் பார்க்க அவளுக்குக் கொடுத்து வைக்கவில்லை. பிறகு அவள் குடிசைக்கும் தீ வைத்தார்கள் என்கிறார்கள்.

இருட்டில் ஓடியவளுக்குக் கை கொடுத்தது வழியில் வந்த ஒரு லாரி. ஓட்டி வந்தவர் கேசவ பிள்ளை. அவரையே மணந்து, நாகர்கோவிலில் 'ராஜம்மாள்' என்ற பெயரில் குடித்தனம் செய்தாள். பழைய கதையை அப்புறம் வாயே திறக்கவில்லையாம்.

பக்கத்து வீட்டுப் பெண், ஷிப்டு முடிந்து வந்தவள், இதைக் கேட்டுவிட்டுச் சொன்னாள்: "என்னக்கா இது! பூவை எடுத்தது அந்த ஆளு. வீடு எரிஞ்சது இவளோடதா?"

எனக்குப் பதில் வரவில்லை. அந்தப் படத்தின் பிரதியும் இன்று இல்லை. டேனியலும் அந்தப் படத்தோடு நொடித்துப்போனார். பல் வைத்தியம் பார்த்து வாழ்ந்து, 1975ல் அகஸ்தீஸ்வரத்தில் காலமானார். அவர் பெயரில் 1992 முதல் கேரள அரசு விருது தருகிறது. ரோஸியின் பெயர் வெளிச்சத்துக்கு வரத்தான் வெகு காலம் ஆயிற்று. 2019ல் மலையாள சினிமாப் பெண்கள் அவள் பெயரில் திரைப்படச் சங்கம் தொடங்கினார்கள். 2023 பிப்ரவரி 10ல் கூகுள் தன் முகப்பில் அவள் படத்தை வரைந்தது.

உங்கள் வீட்டிலும் ஒரு ராஜம்மாள் இருக்கலாம், சகோதரிகளே! பாட்டியை ஒரு நாள் உட்கார வைத்து, "கல்யாணத்துக்கு முன்னே நீ என்னவா இருந்தே?" என்று கேட்டுப் பாருங்களேன்.